இமைக்குத் தடவிய எண்ணெய்

புதன்கிழமை காலை ஆறரை மணிக்குக் கலைமதி இடது கண்ணைத் திறக்கப் பார்த்தாள். திறக்கவில்லை. மேல் இமையும் கீழ் இமையும் பசை போட்டு ஒட்டியதுபோல் இருந்தன.

"அம்மா!"

அந்தக் கத்தலில் அடுப்படியில் வைஜெயந்தியின் கையிலிருந்த கரண்டி நழுவி விழுந்தது. வாசலில் சைக்கிளுக்குக் காற்றடித்துக்கொண்டிருந்த நடராசன் பம்பை அப்படியே விட்டார். மகள் எதற்குக் கத்தினாள் என்று தெரிவதற்கு முன்பே அவருக்கு வியர்த்துவிட்டது. ஏன் என்கிறீர்களா? கொஞ்சம் பொறுங்கள், அதற்குத்தான் வருகிறேன்.

போன வெள்ளிக்கிழமை புதுச்சேரி கண் ஆஸ்பத்திரியில் கலைமதிக்கு லேசர் ஆபரேஷன் நடந்ததையும், பதினோரு வயதில் மூக்கில் ஏறிய மைனஸ் ஆறு கண்ணாடி பதிமூன்று வருஷம் கழித்து இறங்கியதையும் நாம் போன அத்தியாயத்தில் பார்த்தோம். குயிலாப்பாளையத்தில் ஷாலினி நடத்தும் பியூட்டி பார்லரில் கல்யாணப் பெண்களுக்கு அலங்காரம் செய்கிறவள் கலைமதி. குனிந்து செயற்கை இமை ஒட்டும்போதெல்லாம் வியர்வையில் கண்ணாடி வழுக்கும். ஒரு முகூர்த்தத்தில் அது மணப்பெண்ணின் நெற்றியில் போய் இடித்து, பொட்டு மூக்குக்கு வந்ததில் இருந்தே லேசர் லேசர் என்று ஒற்றைக் காலில் நின்று சாதித்துவிட்டாள். சனிக்கிழமை காலை கட்டிலில் உட்கார்ந்தபடியே எதிர்ச் சுவர்க் காலண்டரில் தேதியை வாசித்தவள், "யப்பா, சின்ன எழுத்துல போட்டிருக்கிற ராகு காலம் கூடத் தெரியுது!" என்று கூவினாள். வீடே சிரித்தது.

அந்தச் சிரிப்பு நாலே நாளில் எங்கே போனதோ தெரியவில்லை.

"கையால தொடாதடி! தொடாத! தோ வந்துட்டேன்" என்று வைஜெயந்தி ஓடி வந்தாள். நர்ஸம்மா சொல்லிக்கொடுத்ததை அவள் வேதம்போல வைத்திருந்தாள். கொதிக்க வைத்து ஆறிய தண்ணீர் ஒரு கிண்ணத்தில், புதுப் பஞ்சு ஒரு டப்பாவில். சோப்புப் போட்டுக் கை கழுவினாள். பஞ்சை நனைத்துப் பிழிந்து, இமையோரத்தில் வைத்து ஊற விட்டு, மூக்குப் பக்கமிருந்து காதுப் பக்கமாக அழுத்தாமல் ஒரே இழுப்பு. அந்தப் பஞ்சைத் தூர எறிந்துவிட்டு அடுத்த பஞ்சு. ஒரு கண்ணுக்குத் தொட்டது இன்னொரு கண்ணுக்கு ஆகாது.

நாலாவது பஞ்சில் கண் திறந்தது. பஞ்சில் மஞ்சளாகப் பீளை வந்திருந்தது. இமை தடித்து, முடியின் வேரெல்லாம் பொருக்கு கட்டியிருந்தது. வெள்ளை விழி மிளகாய் பட்டதுபோல் சிவந்திருந்தது.

"தெரியுதா?" என்றாள் வைஜெயந்தி.

கலைமதி உள்ளங்கையைக் குவித்து வலது கண்ணை மூடிக்கொண்டு காலண்டரைப் பார்த்தாள். பார்த்துக்கொண்டே இருந்தாள்.

"தேதி தெரியலம்மா. புகை போட்ட மாதிரி இருக்குது."

நடராசன் வாசல்படியில் நின்றவர் அப்படியே நின்றார்.

"பஞ்சு எங்கேர்ந்து எடுத்த நீ?" கலைமதியின் பயமெல்லாம் அம்மா மேல் திரும்பியது. "பழைய பஞ்சா? தலகாணிப் பஞ்சா?"

"நீ வேற! மெடிக்கல்ல வாங்குனதுடி. நீயே தான பில்லைப் பார்த்த?"

"அப்ப தண்ணி? நல்லா கொதிச்சுதா? நீ அவசரக்குடுக்க, பாதி சூட்டுல எறக்கியிருப்ப!"

"பத்து நிமிஷம் தளதளன்னு கொதிச்சுது. எம்மேல சத்தியமா."

"பின்ன எப்படிம்மா ஒட்டும்? நான் தொடவேயில்ல. குளிக்கும்போது கூட கழுத்துக்குக் கீழதான் ஊத்திக்கிறேன். தூங்கும்போது கண்ணு மேல மூடி போட்டுத்தான் தூங்குறேன். எங்கண்ண தொட்டது நீ ஒருத்திதான்!"

வைஜெயந்திக்கும் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. "ஏங்க, நீங்களாவது சொல்லுங்களேன்" என்று புருஷனைத் திரும்பிப் பார்த்தாள்.

நடராசன் என்ன சொல்வார்? திருதிருவென்று விழித்துவிட்டு, "ஆஸ்பத்திரிக்குப் போன் போடு. நான் சேட்டு ஆட்டோவைக் கூட்டியாறேன்" என்று செருப்பைக்கூட மாட்டாமல் தெருவில் இறங்கிவிட்டார்.

இப்போது சொல்கிறேன், அந்த மனுஷன் செய்த காரியத்தை.

நடராசன் மரக்காணம் உப்பளத்தில் முப்பது வருஷமாகப் பலகை போட்டு உப்பு வாருகிறவர். அளத்தில் வெயில் மேலேயிருந்து மட்டும் அடிக்காது. வெள்ளை உப்பில் பட்டுக் கீழேயிருந்தும் அடிக்கும். கண் எரியும், ரப்பை, அதாவது இமை, காய்ந்து வெடிக்கும். அதற்கு அந்த அளத்தாரிடம் ஒரு கைவைத்தியம் உண்டு. சாமான் வைக்கிற கொட்டகைக் கம்பத்தில் ஒரு குவார்ட்டர் பாட்டில் தொங்கும். விளக்கெண்ணெயில் நந்தியாவட்டைப் பூவைப் போட்டுக் காய்ச்சி ஊற்றி வைத்திருப்பார்கள். காலையில் பாத்தியில் இறங்கும் முன்னால் ஆளுக்கொரு விரல் விட்டு எடுத்துக் கண் ரப்பையில் ஒரு இழுப்பு, மிச்சத்தைக் குதிகால் வெடிப்பில் ஒரு தேய்ப்பு. பதினாலு பேருக்கும் ஒரே பாட்டில். எண்ணெய் குறைந்தால் மேலே ஊற்றுவார்களே தவிர, அந்தப் பாட்டிலை யாரும் கழுவிப் பார்த்ததில்லை.

திங்கட்கிழமை மத்தியானம் சாப்பாட்டுக்கு வந்தவர் காதில், மகள் ஷாலினியோடு போனில் பேசியது விழுந்தது. "ஆபரேஷனுக்காக இமையில இருந்த ஒட்டு முடியெல்லாம் எடுக்கச் சொன்னாங்கல்ல, அதோட என் சொந்த முடியும் பாதி கொட்டிப் போச்சுக்கா. கண்ணாடியப் பார்த்தா ரோமம் பொசுக்குன கோழி மாதிரி இருக்கேன். கண்ணு வேற காந்துது."

மகள் சிரித்துக்கொண்டேதான் சொன்னாள். அப்பனுக்குத்தான் தாங்கவில்லை.

இந்த ஆபரேஷன் விஷயத்தில் எல்லாருக்கும் ஒரு வேலை இருந்தது. டாக்டர் ஆபரேஷன் செய்தார். வைஜெயந்தி பஞ்சு வைத்தாள், வேளைக்கு மருந்து விட்டாள். ஷாலினி கூட தினமும் போனில் தைரியம் சொன்னாள். பெற்ற அப்பனுக்கு மட்டும் பார்த்துக்கொண்டு நிற்பதைத் தவிர ஒரு வேலையும் இல்லை. கண் காந்தலுக்கும் முடி வளர்வதற்கும் தன் கையில் ஒரு மருந்து இருக்கும்போது, அதைக் கொடுக்காமல் இருக்க அவரால் முடியவில்லை. கேட்டால் பிள்ளை கேலி பண்ணும் என்றுதான் கேட்கவில்லை.

மத்தியானத் தூக்கத்தில் கலைமதி கண்மேல் பிளாஸ்டிக் மூடி போட்டு, பிளாஸ்திரி ஒட்டித் தூங்கினாள். வைஜெயந்தி ரேஷன் கடைக்குப் போயிருந்தாள். நடராசன் திரும்பவும் அளத்துக்குப் போய்த் துண்டில் சுற்றிக் கொண்டுவந்த பாட்டிலைத் திறந்து, பிளாஸ்திரியைப் பூப்போல உரித்து, மூடியைத் தூக்கி, இரண்டு கண் ரப்பையிலும் எண்ணெயைத் தடவிவிட்டு, மறுபடி ஒட்டினார். பிள்ளை அசையக்கூட இல்லை. எண்ணெய் ஊறியபின் மேலாகத் தெரியவும் இல்லை. சாயங்காலமே பாட்டில் கொட்டகைக் கம்பத்துக்குத் திரும்பிவிட்டது. செவ்வாய்க்கிழமையும் அப்படியே. இடது கண்தான் அதிகமாகக் காந்துகிறது என்றாளே என்று, அதற்கு மட்டும் இன்னொரு விரல்.

முப்பது வருஷத்தில் அந்த எண்ணெயால் ஒருத்தருக்கும் ஒன்றும் ஆனதில்லை என்று அவர் நம்பியிருந்தார். ஆனால் அவர்களில் ஒருத்தர் கண்ணிலும் லேசர் பட்டதில்லையே, அது ஏன் அந்த நேரத்தில் அவருக்கு உறைக்கவில்லை?

சேட்டு ஆட்டோவின் இரண்டு பக்கமும் தார்ப்பாயை இழுத்துக் கட்டினான். கலைமதி ஆஸ்பத்திரியில் கொடுத்த பெரிய கருப்புக் கண்ணாடியை மாட்டிக்கொண்டு, அப்பாவுக்கும் அம்மாவுக்கும் நடுவில் உட்கார்ந்தாள். கடற்காற்று உப்பை வாரிக்கொண்டு அடித்தது.

"சேட்டண்ணா, மெதுவா போங்க, தூக்கிப் போடுது" என்றாள் வைஜெயந்தி. மறு நிமிஷமே, "கொஞ்சம் சீக்கிரமா போங்களேன்" என்றாள்.

"மெதுவாவா, சீக்கிரமாவா? ஒண்ணு சொல்லுக்கா" என்றான் சேட்டு. யாரும் சிரிக்கவில்லை.

தார்ப்பாய்ச் சந்து வழியே உப்புக் குவியல்கள் ஒவ்வொன்றாகப் பின்னால் போவதை நடராசன் பார்த்தார். இந்நேரம் கொட்டகைக் கம்பத்தில் அந்தப் பாட்டில் ஆடிக்கொண்டிருக்கும். நேற்று சாயங்காலம் யாருக்கும் தெரியாமல் கொண்டுபோய்த் தொங்கவிட்டுவிட்டு வந்தார். சொல்லிவிடலாமா? இப்பவே சொல்லிவிடலாமா?

"பாப்பா..."

"பேசாதீங்கப்பா. தலை வலிக்குது."

சரி, பிள்ளைதானே பேச வேண்டாம் என்கிறது என்று அவர் வாயை மூடிக்கொண்டார். கோழைக்கு ஒரு சாக்குக் கிடைத்தால் போதாதா!

கூனிமேடு தாண்டும்போது வைஜெயந்தி முந்தானையால் மூக்கைச் சிந்தினாள். "நான்தான். எங்கையில தான் ஏதோ இருந்திருக்குது. மீன் கழுவுன கையி, எத்தன சோப்புப் போட்டு என்னா? என் பொண்ணு கண்ண நானே கெடுத்துட்டேன்."

"ஐயோ, நீ ஏம்மா..." என்று கலைமதி ஆரம்பித்தாள். முடிக்கவில்லை. அம்மாவாகத்தான் இருக்கும் என்ற சந்தேகம் அவளை முடிக்க விடவில்லை.

செய்யாத தப்புக்குப் பெண்டாட்டி அழுகிறாள். செய்தவர் பக்கத்தில் உட்கார்ந்து தார்ப்பாய்க் கயிற்றைப் பிடித்துக்கொண்டு வருகிறார். நடராசனுக்குத் தன்மேலேயே அருவருப்பாக இருந்தது.

ஆஸ்பத்திரியில் காத்திருக்க வைக்கவில்லை. அது நல்லதற்கு அறிகுறியாக நடராசனுக்குப் படவில்லை. நேராக உள்ளே கூப்பிட்டார்கள்.

டாக்டர் பக்தவச்சலம் அதிகம் பேசாதவர். கலைமதியின் தாடையைக் கருவியில் வைக்கச் சொல்லி, விளக்கைக் கண்ணில் சாய்த்து, வெகு நேரம் பார்த்தார். வலது கண்ணைப் பார்த்தார். மறுபடி இடது கண்ணுக்கு வந்தார். சுவர்க் கடிகாரத்தின் சத்தம் நடராசனுக்குக் காதில் அடித்தது.

"ரப்பையில நல்ல வீக்கம். உள்ளேயும் கொஞ்சம் மங்கல் இருக்கு" என்றார் டாக்டர். "லேசர் பண்ணும்போது கருவிழி மேல மெல்லிசா ஒரு மூடி மாதிரித் திறந்து, மறுபடி மூடிவச்சோம்னு சொன்னேன், ஞாபகம் இருக்கா? அந்த மூடியோட ஓரத்துல மங்கல். இது ரெண்டு விஷயமா இருக்கலாம்."

"என்னா சார் ரெண்டு?" என்றாள் வைஜெயந்தி.

"ஒண்ணு, வெறும் அழற்சி. சிலருக்கு வரும். ஸ்டீராய்டு சொட்டு மருந்தைக் கூட்டினா இறங்கிடும். இன்னொண்ணு, கிருமி. கிருமின்னா அதே ஸ்டீராய்டு அதுக்குச் சாப்பாடு போட்ட மாதிரி ஆயிடும். பார்வைக்கே மோசம். அதனாலதான் கேக்கறேன். கண்ணுல, ரப்பையில, வெளியிலேர்ந்து எதாவது பட்டுதா?"

"படல சார்" என்றாள் கலைமதி.

"மை? மஸ்காரா?"

"ஒரு மாசத்துக்கு வேணாம்னு நீங்க சொன்னீங்களே சார். பழைய மஸ்காரா எல்லாத்தையும் குப்பையில போட்டுட்டேன்."

டாக்டர் மறுபடி விளக்கைச் சாய்த்தார். "ஆனா இமை முடி வேர்ல எண்ணெய்ப் பசை இருக்கே. பளபளங்குது."

"எண்ணெயா?"

"நீங்க அழகுக்கலைத் தொழில்ல இருக்கீங்க. முடி வளர எதாவது தடவியிருந்தா தைரியமா சொல்லுங்க. திட்ட மாட்டேன்."

"ஐயோ சார், நான் தடவல!" கலைமதிக்குக் குரல் உடைந்தது. "எங்கிட்ட வர்ற பொண்ணுங்களுக்கே நான் சொல்லுவேன், கண்ணுக்குள்ள போற மாதிரி எதையும் வைக்காதீங்கன்னு. என் கண்ணுக்கு நானே வைப்பனா?"

"நான்தான் சார் சுத்தம் பண்ணேன்" என்று வைஜெயந்தி குறுக்கே வந்தாள். "எங்கையில எதுனா பிசுக்கு இருந்திருக்கும். தாளிச்ச கையி."

டாக்டர் அவள் கையைப் பார்த்தார், கலைமதியின் முகத்தைப் பார்த்தார். "கை கழுவித் தொட்டிருந்தா பயமில்லை. வீட்டு எண்ணெய் லேசா பட்டதுக்கும் கிருமி வராது. சரி, அழற்சின்னு வச்சுக்கிட்டு இப்ப ஸ்டீராய்டைக் கூட்டுவோம். மணிக்கு ஒரு தடவை..." என்று சொல்லிக்கொண்டே சீட்டை இழுத்து எழுத ஆரம்பித்தார்.

பேனா நகர்ந்தது. நடராசன் அந்தப் பேனாவையே பார்த்தார். அது ஒரு வரி எழுதி முடித்தது.

"எழுதாதீங்க சார்!"

அந்த அறையில் இருந்த எல்லோரும் திரும்பினார்கள். தன் குரல் இவ்வளவு சத்தமாக வரும் என்று நடராசனே நினைக்கவில்லை.

"நான் தடவுனேன் சார். நான்தான். அளத்து எண்ணெய். கொட்டகையில தொங்குமே அந்தப் பாட்டிலு. பதினாலு பேரும் கைவிட்டு எடுக்குற எண்ணெய். திங்கக்கெழம ஒருதரம், நேத்து ஒருதரம். பிள்ள தூங்கையில மூடியைப் பிரிச்சு..."

வைஜெயந்தி வாயில் முந்தானையைப் பொத்திக்கொண்டாள்.

"மூடிய எடுத்தீங்களாப்பா?" என்று கலைமதி கேட்டாள். ரொம்ப மெதுவாகக் கேட்டாள். கத்தியிருந்தால்கூட நடராசனுக்குத் தேவலையாக இருந்திருக்கும்.

"ஆமா பாப்பா."

"நேத்தும்?"

"நேத்தும்."

"காலையில அம்மாவை அந்தப் பேச்சுப் பேசினேனே. அப்ப வாசல்லதான நின்னீங்க?"

கலைமதி முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொண்டாள்.

டாக்டர் எழுதிய சீட்டை நாலாக மடித்துக் கிழித்துக் கூடையில் போட்டார். "இப்ப சொன்னீங்களே, நல்லது. கையைக் காட்டுங்க."

நடராசன் நீட்டினார். விரல் நுனியெல்லாம் வெடிப்பு, வெடிப்புக்குள் வெள்ளையாக உப்பு. எத்தனை கழுவினாலும் போகாத உப்பு. டாக்டர் அந்தக் கையை மெல்ல விட்டுவிட்டார்.

அப்புறம் எல்லாம் வேகமாக நடந்தது. இமையோரத்திலிருந்து குச்சியால் பீளையைத் தொட்டு எடுத்துப் பரிசோதனைக்கு அனுப்பினார்கள். நர்ஸம்மா ஒவ்வொரு முடி வேராகச் சுத்தம் செய்தாள். ஸ்டீராய்டை நிறுத்தியாயிற்று. கிருமிக்கான மருந்து மணிக்கு ஒரு சொட்டு.

"வலது கண்ணுக்குப் பயமில்லை. இடது கண்ணுல கிருமி ரப்பையோட நின்னுடுச்சுன்னா பிழைச்சோம்" என்றார் டாக்டர். "கருவிழி மூடிக்கு அடியில போயிருந்தா, திறந்து கழுவணும். நாளைக்குக் காலையில ஏழு மணிக்கு வந்துடுங்க. ஐயா, அந்தப் பாட்டில் எனக்கு வேணும். எதுவும் பண்ணாம, மூடி, பாலிதீன் கவர்ல போட்டு எடுத்துட்டு வாங்க. அளத்துல யாருக்காவது கண் வலி இருக்கான்னும் கேளுங்க. இருந்தா உடனே எனக்குப் போன் பண்ணணும். நேரம் காலம் பார்க்காதீங்க."

திரும்பி வரும்போது ஆட்டோவில் இடம் மாறியிருந்தது. நடுவில் வைஜெயந்தி. கலைமதி அம்மாவின் தோளில் சாய்ந்துகொண்டாள். கூனிமேட்டுக்குக் கிட்டத்தில், "சாரிம்மா" என்றாள். வைஜெயந்தி அவள் கன்னத்தைத் தட்டிக் கொடுத்தாள். புருஷன் பக்கம் அவளும் திரும்பவில்லை. முப்பது கிலோமீட்டரும் அவர்கள் அவரிடம் ஒரு வார்த்தை பேசவில்லை.

நாலு மணிக்கு நடராசன் சைக்கிளை எடுத்துக்கொண்டு அளத்துக்குப் போனார். அன்றைய வேலை முடிந்து எல்லோரும் கிளம்பிப் போயிருந்தார்கள். வரப்பில் உப்புக் குவியல்களைக் கீற்றுப் போட்டு மூடியிருந்தார்கள். கொட்டகைக் கம்பத்தில் பாட்டில் தொங்கியது. காலைக்குக் காலை கை தானாகப் போகிற இடம். இன்று அதைத் தொடவே கூசியது.

கவரை விரித்துக்கொண்டு நின்றபோது பின்னால் குரல் கேட்டது.

"அத எங்கண்ணா எடுத்துனு போற? நானே அதுக்குத்தான் வந்தேன்."

பாஞ்சாலை. அடுத்த பாத்தியில் உப்பு வாருகிறவள். நாலு நாளாக அவள் வேலைக்கு வரவில்லை, மகள் வீட்டுக்குப் போயிருப்பாள் என்று இவர்கள் நினைத்துக்கொண்டிருந்தார்கள். தலையில் போட்ட துண்டை அவள் விலக்கினாள்.

அவள் இரண்டு கண்ணும் இரத்தமாகச் சிவந்து, ரப்பை உப்பி, முடியெல்லாம் மஞ்சள் பீளையில் கொத்துக் கொத்தாக ஒட்டிக்கொண்டிருந்தன. காலையில் பஞ்சில் பார்த்த அதே மஞ்சள்.

"எத்தினி நாளா பாஞ்சால?"

"ஆச்சு, ஒரு எட்டு நாளு. காலையில எழுந்தா கண்ணு தெறக்க மாட்டேங்குது. போன வாரம் வேலைக்கு வந்தப்ப எல்லாம் இந்த எண்ணெயைத்தான் ரெண்டு வேளை வச்சேன். வூட்டுக்கு ஊத்திக்கினு போனது தீந்துபோச்சு, இன்னும் கொஞ்சம் வச்சுனு போலாம்னு..." என்று அவள் பாட்டிலுக்குக் கையை நீட்டினாள்.

"தொடாத!"

அவள் பயந்து பின்வாங்கினாள். நடராசன் பாட்டிலைக் கவருக்குள் போட்டு முடிச்சுப் போட்டார். எட்டு நாள். போன வாரம் பூராவும் இவள் கண்ணைத் தொட்ட விரல் இந்த எண்ணெய்க்குள் போயிருக்கிறது. அதற்கப்புறம்தான் திங்கட்கிழமை வந்தது.

காலையில் இதே மாதிரி ஒரு விஷயத்தை அவர் இரண்டு மணி நேரம் வாய்க்குள் வைத்துக்கொண்டிருந்தார். இப்போது ஒரு நொடி வைக்கவில்லை. கொட்டகையிலேயே நின்று போனை எடுத்தார். இரண்டு தடவை தப்பு நம்பர் போனது. மூன்றாவதில் டாக்டர் கிடைத்தார்.

எல்லாவற்றையும் கேட்டுவிட்டு டாக்டர் சொன்னார்: "காலையில வரைக்கும் காத்திருக்க வேண்டாம். இப்பவே பொண்ணைக் கூட்டிட்டு வாங்க. இது கிருமிதான், மூடியைத் திறந்து கழுவ ஆபரேஷன் தியேட்டரைத் தயாரா வைக்கச் சொல்றேன். அந்தம்மாவையும் நாளைக்கே வரச் சொல்லுங்க. அதுவரைக்கும் யாரும் அந்த எண்ணெயைத் தொடக்கூடாது. வர்ற வரைக்கும் மணிக்கு ஒரு சொட்டு மருந்து தவறக்கூடாது."

நடராசன் சைக்கிளை எப்படி மிதித்தார், எந்த வழியாக வந்தார் என்று கேட்டால் அவருக்கே தெரியாது. வழியிலேயே சேட்டுவுக்குச் சொல்லியாயிற்று. வீட்டில் வைஜெயந்தியிடமும் கலைமதியிடமும் வாசலில் நின்றபடியே சொன்னார். பாஞ்சாலை கண், எட்டு நாள், டாக்டர் சொன்னது, ஒன்றையும் குறைக்கவில்லை. சொல்லி முடித்துவிட்டுத் தலையைக் குனிந்துகொண்டார்.

கலைமதிக்கு உதடு வெளுத்துப் போயிற்று. ஆனால் அழவில்லை. அழுதால் மருந்து கரைந்துவிடும் என்று நர்ஸம்மா சொல்லியிருந்தாள்.

"மணி அஞ்சாயிடுச்சும்மா. கெளம்பறதுக்கு முன்னாடி மருந்து" என்றாள்.

வைஜெயந்தி மருந்துப் புட்டியைக் கையில் எடுத்தாள். அவள் கை வெடவெடவென்று ஆடியது. முதல் சொட்டு கன்னத்தில் விழுந்தது. இரண்டாவது புருவத்தில். "என்னால முடியலடி. புட்டி மூக்கு கண்ணுல குத்திடுமோன்னு இருக்குது" என்று அழுதுவிட்டாள்.

வெளியே சேட்டு ஹாரன் அடித்தான்.

"அப்பா போடட்டும்" என்றாள் கலைமதி.

நடராசன் நிமிர்ந்தார். ஆஸ்பத்திரியிலிருந்து திரும்பியபின் அவள் அவரைப் பற்றிச் சொன்ன முதல் வார்த்தை அது. "இந்தக் கையாலயா பாப்பா?"

"சோப்புப் போட்டுக் கழுவிட்டு வாங்க. மூணு தரம். நகக்கண்ணுல தேய்ச்சு."

அவர் குழாயடியில் மூன்று தரம் கழுவினார். நாலாவது தரமும் கழுவினார். வெடிப்பில் சோப்பு எரிந்தது. வைஜெயந்தி கொடுத்த சுத்தமான துணியில் துடைத்துக்கொண்டு வந்து, மகள் முன்னால் குனிந்தார்.

கலைமதி தலையைப் பின்னால் சாய்த்தாள். வலது கண்ணை உள்ளங்கையால் மூடிக்கொண்டு, இடது கண்ணை அவருக்குத் திறந்து காட்டினாள்.

"கீழ் ரப்பையை மட்டும் லேசா இழுங்க. புட்டி முடியில படக்கூடாது. அழுத்தாதீங்க."

அவர் விரல் ஆடவில்லை. முப்பது வருஷம் பலகை பிடித்த கை, அப்படியே நின்றது.

"என்னா தெரியுது பாப்பா?"

"உங்க மூஞ்சி தெரியலப்பா." அவள் கண்ணை மூடவில்லை. "கை தெரியுது. போடுங்க."